மாதத் தவணை தெரியும். மொத்த விலை தெரியுமா?

தாம்பரத்தில் மின்சார ரயிலை விட்டு இறங்குங்கள். கிழக்கே போனாலும் மேற்கே போனாலும் விளம்பரப் பலகைகளில் ஒரே பேச்சுத்தான். சேலையூரில் பிளாட்! மாடம்பாக்கத்தில் தனி வீடு! ஊரப்பாக்கத்தில் மனை! விலை சின்ன எழுத்தில் இருக்கும். மாதத் தவணை பெரிய எழுத்தில் இருக்கும்.

வீடு பார்க்கப் போகிற குடும்பமும் அதைத்தான் கேட்கிறது.

"மாசம் எவ்வளவுங்க கட்டணும்?" என்கிறார் கணவர்.

"இப்ப குடுக்கிற வாடகையோட கொஞ்சம் சேர்த்துப் போட்டா வீடு உங்களுது, சார்" என்கிறார் விற்கிறவர்.

மனைவி பால் கணக்கு, பள்ளிக்கூடக் கணக்கு எல்லாவற்றையும் மனசுக்குள் கூட்டிப் பார்க்கிறார். "கட்டிடலாங்க" என்கிறார். பேச்சு முடிந்துவிட்டது.

கீரைக்கட்டுக்கு இரண்டு ரூபாய் பேரம் பேசுகிற குடும்பம் அது. ஆனால், "எல்லாம் கட்டி முடிக்கும்போது மொத்தம் எவ்வளவு ஆகும்?" என்று ஒருவரும் கேட்கவில்லை!

30 லட்சம், 62 லட்சம் ஆவது எப்படி?

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். பாங்கியில் 30 லட்ச ரூபாய் கடன். வட்டி வருஷத்துக்கு எட்டரை சதவீதம். 20 வருஷக் கெடு. மாதத் தவணை 26 ஆயிரத்து 35 ரூபாய் வரும்.

முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள். வட்டிக்கு மட்டும் 21 ஆயிரத்து 250 ரூபாய் போய்விடுகிறது. அசலில் கழிவது 4 ஆயிரத்து 785 ரூபாய்தான். அடுத்த மாதம் வட்டி ஒரு துளி குறையும்; அசல் ஒரு துளி கூடும். இப்படியே நகரும். ஆமை வேகம்!

பத்து வருஷம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியாயிற்று. கட்டிய பணம் 31 லட்சத்துக்கு மேல். வாங்கிய கடனைவிடவே அதிகம். ஆனால் பாக்கி எவ்வளவு தெரியுமா? இன்னும் 21 லட்சம்! அசலில் பாதி கழிவதற்கே கிட்டத்தட்ட 14 வருஷம் ஆகும். 20 வருஷம் முடியும்போது கட்டிய மொத்தம் 62 லட்சத்து 48 ஆயிரம்.

இதில் மோசடி ஒன்றும் கிடையாது. பாங்கி எவ்வளவு பணத்தைக் கடனாகக் கொடுத்து வைத்திருக்கிறதோ அதற்குத்தான் அந்த மாத வட்டியை எடுக்கிறது. ஆரம்பத்தில் கடன் பெரிசு. ஆகவே வட்டியும் பெரிசு. கணக்கு நேர்மையான கணக்குத்தான். அதைக் கடன் வாங்குகிறவருக்குப் புரியும்படி சொல்லாததுதான் குறை.

கெடுவை நீட்டினால் என்ன ஆகும்? "30 வருஷம் போட்டுக்குங்க, தவணை குறையும்" என்பார்கள். உண்மைதான். 26 ஆயிரத்து 35 ரூபாய் 23 ஆயிரத்து 67 ஆகும். மாதம் மூவாயிரம் ரூபாய் மிச்சம் என்று குடும்பம் சந்தோஷப்படும். ஆனால் மொத்தம் 83 லட்சத்தைத் தாண்டிவிடும். மாதம் மூவாயிரம் மிச்சப்படுத்துவதற்கு விலை 20 லட்சத்துக்கு மேல்! அதே கடனை 15 வருஷத்தில் அடைத்தால் தவணை 29 ஆயிரத்து 542. மொத்தம் 53 லட்சத்து 18 ஆயிரம். மாதம் மூவாயிரத்து ஐந்நூறு கூடக் கட்டினால், முடிவில் ஒன்பது லட்சத்துக்கு மேல் கையில் நிற்கும்.

தென் சென்னைப் புறநகரில் முந்தின தலைமுறைக்கு இந்தக் கணக்கு அதிகம் தேவைப்படவில்லை. 1931-ல் கடற்கரையிலிருந்து தாம்பரம் வரை மின்சார ரயில் வந்தது. அதன் பிறகு ஆபீஸ் உத்தியோகஸ்தர்கள் இந்தப் பக்கம் மனை வாங்க வந்தார்கள். அரை கிரவுண்டோ ஒரு கிரவுண்டோ வாங்கிப் போட்டு, கிணறு வெட்டி, கையில் காசு வரும்போது ஓர் அறையும், பிராவிடண்ட் பண்டில் வாங்கி இன்னோர் அறையும் கட்டியவர்கள் பலர். பூச்சு வேலை பத்து வருஷம் நடக்கும். பார்ப்பதற்கு அழகாக இராது. ஆனால் கடன் சிறிசு. இன்று அப்படிக் கட்ட முடியாது என்பது வாஸ்தவம். மனை விலை அப்படி ஏறியிருக்கிறது.

2022-ல் நடந்தது என்ன?

இந்தக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். ரிசர்வ் பாங்கி தன் வட்டியை ஏற்றினால் வீட்டுக் கடன் வட்டியும் ஏறும். 2019 அக்டோபர் முதல், பாங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடனை இப்படி ஒரு வெளி வட்டியோடு கட்டிப்போட வேண்டும் என்று விதியே செய்தார்கள். "ரெப்போ" என்று பேப்பரில் வருகிறதே, பல பாங்கிகள் எடுத்துக்கொண்டது அந்த வட்டியைத்தான்.

2020 மே மாதம் முதல் இரண்டு வருஷம் ரெப்போ 4 சதவீதத்தில் கிடந்தது. வீட்டுக் கடன் ஏழு சதவீதத்துக்கும் கீழே கிடைத்தது. பலர் துணிந்து வாங்கினார்கள். பிறகு 2022 மே மாதம் ஏற ஆரம்பித்தது. 2023 பிப்ரவரிக்குள் ஆறு தடவை ஏறி, ஆறரை சதவீதத்தில் போய் நின்றது. பத்தே மாதத்தில் இரண்டரை சதவீதம்!

இரண்டரைதானே என்று நினைக்கக் கூடாது. 2021-ல் ஒருவர் ஆறே முக்கால் சதவீத வட்டிக்கு 30 லட்சம் வாங்கினார் என்று வைத்துக்கொள்வோம். 20 வருஷம். தவணை 22 ஆயிரத்து 811. ஒரு வருஷம் கட்டியதும் பாக்கி 29 லட்சத்து 26 ஆயிரம். அப்போது வட்டி ஒன்பதே கால் ஆகிறது. (ஆறு படியாக ஏறியதை ஒரே படியாகப் போட்டால் கணக்குச் சுலபம்.) இனி மாத வட்டி மட்டும் 22 ஆயிரத்து 559 ரூபாய். தவணை பழைய தவணைதான் என்றால் அசலில் கழிவது எவ்வளவு? மாதம் 252 ரூபாய்!

இந்த வேகத்தில் கடன் எப்போது தீரும்? 19 வருஷத்தில் தீர வேண்டியது, 49 வருஷம் ஆகும். 35 வயதில் இருப்பவர் 84 வயது வரை கட்ட வேண்டும். அத்தனை தூரம் எந்தப் பாங்கியும் விடாது. ஓய்வு பெறும் வயது வரை கெடுவை நீட்டிப் பார்க்கும். அதற்கும் அடங்காவிட்டால் தவணையை ஏற்றும். பழைய கெடுவிலேயே முடிக்க வேண்டுமானால், தவணை ஏறக்குறைய 27 ஆயிரத்து 300 ஆக வேண்டும். மாதம் நாலாயிரத்து ஐந்நூறு கூடுதல்.

அந்த நாட்களில் பல வீடுகளில் தவணை ஏறவில்லை. "நம்ம தவணை அப்படியேதான் இருக்கு, நல்ல வேளை" என்று நிம்மதியாக இருந்துவிட்டார்கள். தவணை அப்படியே இருந்தது, கெடு ஓடிக்கொண்டிருந்தது! ஒரு குடும்பத்துக்கு இதைவிட விலை உயர்ந்த நிம்மதி வேறு இருக்க முடியாது.

கொரோனா காலத்துக் கதையும் இதே ஜாதிதான். 2020 மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதம் தவணை கட்டாமல் இருக்க ரிசர்வ் பாங்கி சலுகை கொடுத்தது. சம்பளம் நின்றவர்களுக்கு அது உயிர் காத்த சலுகை. ஆனால் வட்டி ஓடிக்கொண்டே இருந்தது. வட்டிக்கு வட்டி வாங்கக் கூடாது என்று 2021 மார்ச்சில் சுப்ரீம் கோர்ட்டு சொல்லிவிட்டது, வட்டி நிற்கவில்லை. முதலில் சொன்ன எட்டரை சதவீதக் கடனையே, வாங்கிய புதிதில், ஆறு மாதம் கட்டாமல் விட்டால், முடிவில் சுமார் 30 தவணை கூடுதலாகக் கட்ட நேரும். கையில் பணம் இருந்தும், "சர்க்காரே சலுகை குடுக்குது" என்று தவணையை விட்டவர்கள் பாவம்.

தவணையில் சேராத செலவுகள்

மனையின் விலை 40 லட்சம் என்றால் முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 3 லட்சத்து 60 ஆயிரம் ஆயிற்று! பாங்கி வீட்டு விலையில் ஒரு பங்குக்குத்தான் கடன் தரும். 30 லட்சம் வரை அதிகபட்சம் 90 சதவீதம், அதற்கு மேல் இன்னும் குறைவு. பத்திரச் செலவு அநேகமாகக் கைப்பணம்தான். கைப்பணம் எங்கே இருக்கிறது? மனைவியின் கழுத்தில் இருக்கிறது. நகை அடகுக்குப் போகும். வீட்டுக் கடனுக்கு மேல் நகைக் கடன்; அதற்கு வேறு வட்டி. இதை யாரும் வீட்டு விலையில் சேர்ப்பதில்லை.

கடன் இன்ஷ்யூரன்ஸ் இன்னொன்று. குடும்பத் தலைவருக்கு ஏதாவது ஆனால் கடன் அடையும். நல்ல காரியந்தான். ஆனால் அந்தப் பிரீமியத்தையும் கடனிலேயே சேர்த்துவிடுகிறார்கள். ஒரு லட்சம் பிரீமியத்தை எட்டரை வட்டியில் 20 வருஷத்துக்குச் சேர்த்தால், அது 2 லட்சத்து 8 ஆயிரம் ஆகிவிடும். தனியாகக் கையிலிருந்து கட்டினால் ஒரு லட்சத்தோடு போயிற்று.

வருமான வரியில் கழிவு உண்டே என்பார்கள். புதிய வரி முறையில் இருப்பவர்களுக்கு, குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு கிடையாது.

இடத்தையும் பார்க்க வேண்டும். 2015 டிசம்பரில் முடிச்சூரிலும் வரதராஜபுரத்திலும் அடையாற்று வெள்ளம் வீட்டுக்குள் புகுந்தது. பீரோ, கட்டில், பள்ளிப் புத்தகம் எல்லாம் தண்ணீரில். அடுத்த மாதத் தவணை அடுத்த மாதம் வந்துவிட்டது. கடன் பத்திரம் மழையைப் பார்ப்பதில்லை.

இவ்வளவு சொன்னால், "அப்போ வீடே வாங்கக் கூடாதா?" என்று கேட்பீர்கள். ஏன் கூடாது? வாடகை வீட்டில் ஆணி அடிக்கவும் அனுமதி கேட்க வேண்டியிருக்கிறது. பிள்ளைகளின் பள்ளிக்கூடம் மாறாமல் ஓரிடத்தில் இருப்பது பெரிய விஷயம். அதற்கு 62 லட்சம் தகும் என்று ஒரு குடும்பம் கூடி முடிவு செய்தால், அது அவர்கள் இஷ்டம். 30 லட்சம் என்று நினைத்துக்கொண்டு 62 லட்சத்துக்குக் கையெழுத்துப் போடுவதுதான் தப்பு.

தமிழில் கேளுங்கள்

2024 அக்டோபர் முதல் ஒரு நல்ல விதி இருக்கிறது. கடன் கொடுக்கிறவர்கள், கையெழுத்து வாங்குவதற்கு முன்பே, முக்கிய விவரங்களை ஒரு தாளில் எழுதித் தர வேண்டும். எல்லாக் கட்டணமும் சேர்ந்து உண்மையான வருஷ வட்டி எவ்வளவு, மாதா மாதம் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும். அதுவும் கடன் வாங்குகிறவருக்குப் புரியும் மொழியில்! தமிழ் மட்டும் தெரிந்தவர், "தமிழில் கொடுங்க சார்" என்று கேட்கலாம். கூச்சப்பட வேண்டியதில்லை. அது பிச்சை அல்ல, விதி. படித்துப் பார்த்து யோசிக்கக் குறைந்தது மூன்று வேலை நாள் அவகாசமும் உண்டு.

பெரும்பாலும் மனைவியும் சேர்ந்துதான் கையெழுத்துப் போடுகிறார். பென்சில் குறி போட்ட இடத்திலெல்லாம் போட்டுவிட்டு வருகிறார். கணவருக்கு வேலை போனால் பாங்கி அவரிடமும் கேட்கும். அந்தத் தாளை வீட்டுக்கு எடுத்து வந்து, அவரும் ஒரு தடவை உரக்கப் படிப்பது நல்லது. சந்தேகம் வரும். வரட்டும்!

கடன் வாங்கிவிட்டவர்களுக்கும் வழி இருக்கிறது. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் பாங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, கெடுவை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சம் கொஞ்சமா என்பதைக் கடன்காரரே சொல்லலாம். மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்குத் தர வேண்டும். அதில் இன்னும் எத்தனை தவணை பாக்கி என்று போட்டிருக்கும். பார்க்க வேண்டிய எண் அதுதான். போன தடவை 210 இருந்தது, இந்தத் தடவை 230 ஆகியிருந்தால், அன்றே பாங்கிக்குப் போய்க் கேட்க வேண்டும்.

வட்டி இறங்குகிற காலமும் வரும். 2025 பிப்ரவரியிலிருந்து ஜூனுக்குள் ரெப்போ ஒரு சதவீதம் இறங்கியது. அப்படி இறங்கும்போது தவணையைக் குறைத்துக்கொள்ளாமல், "பழைய தவணையே இருக்கட்டும், கெடுவைக் குறைங்க" என்று எழுதிக் கொடுத்தால் லாபம் தன்னால் சேரும்.

முன்கூட்டிக் கட்டினால் அபராதம் என்று இன்னமும் பயப்படுகிறவர்கள் இருக்கிறார்கள். மாறும் வட்டி வீட்டுக் கடனுக்குப் பாங்கிகள் அப்படி வாங்கக் கூடாது என்று 2012-லேயே ஆகிவிட்டது. தீபாவளி போனஸோ, சீட்டுப் பணமோ, வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால், அந்த 20 வருஷக் கடன் மூன்று வருஷத்துக்கு முன்பே தீரும். ஆறு லட்சம் மிச்சம். சின்னக் கல் பெரிய பானையை உடைக்கிறது! கடன் புதிதாக இருக்கும்போது கட்டினால்தான் இத்தனை பலன். கடைசி வருஷங்களில் கட்டினால் அவ்வளவு இராது.

கடைசித் தவணை கட்டிய பிறகும் இரண்டு வேலை பாக்கி உண்டு. மூலப் பத்திரத்தைப் பாங்கி 30 நாளைக்குள் திருப்பித் தர வேண்டும். தன் தவறால் தாமதம் செய்தால், நாளொன்றுக்கு 5 ஆயிரம் ரூபாய் நஷ்ட ஈடு தர வேண்டும். 2023 டிசம்பர் முதல் இதுதான் விதி. கடன் வாங்கும்போது பத்திரத்தை ஒப்படைத்ததைப் பதிவு செய்திருப்பார்கள். கடன் தீர்ந்ததற்கான ரசீதையும் அதே பதிவு ஆபீசில் பதிவு செய்ய வேண்டும். இல்லாவிட்டால் வில்லங்கச் சான்றிதழில் பழைய கடன் அப்படியே நிற்கும். பத்திரம் வந்துவிட்டது என்று பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டு, மகள் கல்யாணத்துக்கு வீட்டை விற்கப் போகும்போதுதான் பலருக்கு இது தெரிகிறது.