டீ கொடுத்தாங்களே, அப்புறம் என்ன? மொரப்பூர் கொட்டாங்குச்சி வழக்கும் நம்ம வீட்டு தனி டம்ளரும்

வீட்டுக்கு யாராவது வந்தால் முதலில் ஒரு சொம்புத் தண்ணி. தருமபுரி பக்கம் இதை யாரும் உட்காரவைத்துச் சொல்லிக்கொடுப்பதில்லை, பார்த்துப் பழகுவதுதான். தண்ணியை வலது கையால் நீட்டணும். டீ வேண்டாம் என்றாலும் பட்டென்று மறுக்கக் கூடாது, "அரை டம்ளர் போதுங்க" என்று வாங்கிக்கணும். கிளம்பும்போது "போறேன்" கிடையாது, "போயிட்டு வர்றேன்". எல்லாவற்றுக்கும் மேலே இன்னொன்று இருக்கிறது: கொடுத்ததைக் குறை சொல்லக் கூடாது. சர்க்கரை கம்மியாக இருந்தாலும், டீ ஆறிப்போயிருந்தாலும், சிரித்த முகத்தோடு குடித்து முடிப்பதுதான் மரியாதை.

2024 பிப்ரவரியில் தருமபுரி மாவட்டம் மொரப்பூர் வட்டாரத்தில் நான்கு தலித் பெண்கள் இந்தக் கடைசி விதியை மீறினார்கள்.

தோட்ட வேலைக்குப் போன இடத்தில் தங்களுக்குக் கொட்டாங்குச்சியில் டீ ஊற்றிக் கொடுத்தார்கள் என்பது அவர்கள் புகார். கம்பைநல்லூர் போலீஸார் எஸ்.சி., எஸ்.டி. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வழக்குப் பதிந்து, தோட்டத்துக் குடும்பத்தைச் சேர்ந்த மாமியார், மருமகள் இருவரையும் கைது செய்தார்கள். செய்தி அன்றைக்கே எல்லோர் செல்போனுக்கும் வந்து சேர்ந்தது. அடுத்த வாரம் வேறு செய்தி வந்தது, இது மறந்துபோனது.

அப்போது நண்பர்கள், சொந்தக்காரர்கள் என்று பலரிடம் கேட்ட ஒரு வரி மட்டும் எனக்கு இன்னும் மறக்கவில்லை. "டீ கொடுத்தாங்களே, அப்புறம் என்ன?"

நியாயமான கேள்வி மாதிரிதான் தோணும். காட்டு வேலைக்கு நாலு பேர் வந்தால் வீட்டில் அத்தனை டம்ளர் இருக்காது, கையில் கிடைத்ததில் ஊற்றியிருப்பார்கள் என்றும் சிலர் சொன்னார்கள். இருக்கலாம். வழக்கில் என்ன நிரூபணம் ஆகும் என்பதை நீதிமன்றம் பார்த்துக்கொள்ளும். ஆனால் இதைச் சோதித்துப் பார்க்க ஒரு எளிய வழி உண்டு. டம்ளர் பற்றாத எந்த வீட்டிலாவது, வீட்டுக்காரர் கொட்டாங்குச்சியை எடுத்துக்கொண்டு வேலையாளிடம் டம்ளரைக் கொடுத்ததாகக் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? நான் கேள்விப்பட்டதில்லை. டம்ளர் பற்றாக்குறை எப்போதும் ஒரு பக்கமாகவே வருகிறது.

இரட்டைக் குவளை இன்னும் இருக்கா?

அலமாரியில் ஒரு வரிசை கிளாஸ், கடைக்கு வெளியே ஆணியில் தொங்கும் இன்னொரு டம்ளர், குடித்தவரே கழுவி மாட்டிவிட்டுப் போகணும். இரட்டைக் குவளை என்றதும் நம் மனசில் வருவது இந்தப் படம். இது பல ஊர்களில் கண்ணில் படாமல் போனதற்கு மனமாற்றம் ஒரு காரணம் என்றால், பேப்பர் கப் இன்னொரு காரணம். குடித்துவிட்டுத் தூக்கிப்போடும் கப்பில் யாரும் தனியாக எதையும் கழுவ வேண்டியதில்லை. எல்லோருக்கும் பேப்பர் கப் என்றால் பிரச்சினையே இல்லை. கிளாஸும் வைத்துக்கொண்டு, ஆளைப் பார்த்துவிட்டு எதை எடுப்பது என்று மாஸ்டரின் கை முடிவு செய்தால், அது அதே பழைய ஆணி டம்ளர்தான். (பிளாஸ்டிக் பூச்சு உள்ள பேப்பர் கப்புக்குத் தமிழ்நாட்டில் 2019 ஜனவரி 1 முதல் தடை. அது எத்தனை கடைக்குத் தெரியும் என்பது வேறு கதை.)

யார் எதில் குடிக்கலாம் என்பது இந்தியாவில் சின்ன விஷயமாக இருந்ததே இல்லை. 1927 மார்ச் 20 அன்று மகாராஷ்டிராவின் மகாட் ஊரில் அம்பேத்கர் ஆயிரக்கணக்கானோரோடு நடந்துபோய்ச் செய்தது, பொதுக் குளத்தில் தண்ணீர் அள்ளிக் குடித்தது. அதுவே ஒரு போராட்டமாக இருந்தது.

சட்டம் எதுவரை வரும்?

அரசியலமைப்பின் 17-வது பிரிவு தீண்டாமையை ஒழித்துவிட்டது. 1955-ன் குடியுரிமைப் பாதுகாப்புச் சட்டம் பாத்திரத்தைப் பெயர் சொல்லியே பேசுகிறது: ஹோட்டல் போன்ற பொது இடங்களில் எல்லோருக்கும் வைத்திருக்கும் பாத்திரங்களைத் தீண்டாமை காரணமாக ஒருவருக்கு மறுத்தால் ஒரு மாதம் முதல் ஆறு மாதம் வரை சிறை, கூடவே 100 முதல் 500 ரூபாய் வரை அபராதம். இன்றைக்கு 500 ரூபாய் என்பது ரெண்டு பேர் பிரியாணி செலவு. அதைவிடக் கடுமையானது 1989-ன் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம். வேண்டுமென்றே அவமானப்படுத்துவதும் அதில் குற்றம், ஆனால் அது பொதுப் பார்வையில் நடந்திருக்கணும். வெளியாட்கள் யாரும் இல்லாமல் நாலு சுவருக்குள் நடந்தது அந்தப் பிரிவில் வராது என்று 2020-ல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் சொன்னது.

புகார் சொல்ல 14566 என்ற தேசிய உதவி எண் 2021 டிசம்பரிலிருந்து இருக்கிறது. சேவ் பண்ணி வைத்துக்கொள்ளலாம்.

ஆக டீக்கடைக்குள் சட்டம் வரும், தோட்டத்துக்கும் வரலாம். சமையல்கட்டுக்குள் பெரும்பாலும் வராது. அங்கே நடப்பது முழுக்க எழுதாத விதிகளின் ஆட்சி.

நம்ம வீட்டு டம்ளர்

வேலைக்கு வரும் அக்காவுக்கு ஒரு தனி டம்ளர். பெரும்பாலும் நசுங்கிய எவர்சில்வர், இல்லை கைப்பிடி உடைந்த கப். ஜன்னல் திட்டில் இருக்கும், இல்லையென்றால் சிங்க்குக்குக் கீழே. பெங்களூரு, ஓசூர், சென்னை அபார்ட்மெண்ட்களில் வளர்ந்தவர்களுக்கும் இது தெரியும். அங்கே சில இடங்களில் தனி லிஃப்ட்டும் சேர்ந்துகொள்கிறது. கேட்டால் பதில் தயாராக இருக்கும்: "சாதியெல்லாம் இல்லப்பா, சுத்தத்துக்காக."

சுத்தம் என்றால் கணக்கு இடிக்கிறது. நாம் சாப்பிட்ட தட்டு, குழந்தையின் பால் கிண்ணம், சாமிக்குப் படைத்த பித்தளைச் சொம்பு, எல்லாவற்றையும் கழுவுவது அதே கைகள்தான். அந்தக் கை கழுவிய டம்ளரில் நாம் குடிக்கலாம். அந்தக் கைக்காரர் அதில் குடிக்கக் கூடாது. எந்த சோப்பு கம்பெனியும் இதற்கு விளக்கம் தர முடியாது.

பேச்சிலும் இதே கதைதான். பெரியவர்களை "வாங்க, போங்க" என்று சொல்லாத பிள்ளையை ஊரே திட்டும். ஆனால் பதினாறு வயசுப் பையன் அறுபது வயசு ஆளைப் பெயர் சொல்லி "வா" என்று கூப்பிட, அவர் திரும்பி "சொல்லுங்க சாமி" என்பதைக் கேட்டுக்கொண்டே நாம் பஸ்ஸுக்கு நின்றிருக்கிறோம். அந்தப் பையனை யாரும் மரியாதை தெரியாதவன் என்று சொல்வதில்லை.

"கொடுத்ததைக் குறை சொல்லாதே" என்பது நல்ல பழக்கம்தான், கொடுப்பவர் தன் பங்கைச் சரியாகச் செய்திருக்கும்வரை. தனக்கு ஊற்றிக்கொள்ளும் பாத்திரத்தில் எதிரில் இருப்பவருக்கும் ஊற்றுவது அந்தப் பங்கு. அது உடைந்த பிறகும் வாங்குகிறவர் மட்டும் சிரித்த முகத்தோடு இருக்கணும் என்று எதிர்பார்ப்பது மரியாதையில் சேராது. மொரப்பூர் பெண்கள் கூலி வேலையை நம்பி இருப்பவர்கள். புகார் கொடுத்தால் அடுத்த நாள் வேலைக்குக் கூப்பிடுவார்களா என்ற பயம் இருந்திருக்காதா? இருந்தும் ஸ்டேஷனுக்குப் போனார்கள். அதே மாதிரி ஒரு விஷயத்தைப் பார்த்துவிட்டு "நமக்கெதுக்கு வம்பு" என்று நாம் கடந்துபோன நாட்களையும் எண்ணிப் பார்க்கலாம்.

என்னையும் சேர்த்துத்தான். எங்கள் வீட்டு ஜன்னல் திட்டிலும் அந்த டம்ளர் இருந்தது. டிகிரி முடித்து, சமத்துவம் பற்றி நாலு வீடியோவுக்கு ஸ்கிரிப்ட் எழுதிய பிறகுதான் அது என் கண்ணில் பட்டது. போன பொங்கலுக்கு ஊருக்குப் போனபோது அம்மாவிடம் கேட்டேன். "நான் என்ன சொன்னேன், அவளே அதைத்தான் எடுத்துக்குவா" என்றார். அன்றைக்கு நானே டீ போட்டு, நாங்கள் குடிக்கும் கிளாஸில் ஊற்றி அக்காவிடம் நீட்டினேன். அவர் வாங்கும் முன்னால் அம்மாவின் முகத்தைப் பார்த்தார். அம்மா அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். அக்கா நின்றபடியே குடித்தார், கிளாஸை ரெண்டு தடவை கழுவினார், கொண்டுபோய் ஜன்னல் திட்டில் அந்த டம்ளர் பக்கத்தில் வைத்தார்.