ஏலத்தில் எடுத்த வண்டி

தோழர்களே, பால் வெட்டிச் சேர்த்த காசைக் கட்டி ஏலத்தில் ஒரு மோட்டார் சைக்கிள் எடுக்கிறோம். சில மாதங்களில் போலீசார் வந்து, களவு போன வண்டி என்று கொண்டு போகிறார்கள். ரசீது இருக்கிறதே என்கிறோம்.

ரசீது போதாது. சுத்தியல் விழுந்ததும் ஏலம் முடிகிறது, மெய்தான். ஆயினும் விற்றவனுக்கு இல்லாத உரிமை வாங்கியவனுக்கு வராது என்பது தீபகற்ப மலேசியாவில் 1957-ஆம் ஆண்டின் பொருள் விற்பனைச் சட்டம், 27-ஆவது பிரிவு. வண்டியைப் பறிகொடுத்தவனும் நம்மைப் போன்ற ஏழையாக இருக்கலாம். ஆகவே இச்சட்டத்தை நாம் குறைகூறவில்லை.

நமது கேள்வி வேறு. கைப்பற்றிய பொருளைப் பற்றி உடனே மாஜிஸ்திரேட்டுக்கு அறிவிக்க வேண்டும் என்கிறது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 413-ஆவது பிரிவு. அதை யாரிடம் கொடுப்பது என்று உத்தரவிடும் அதிகாரம் அவருடையது. அப்படியிருக்க, வண்டி நிலையத்து வாசலில் துருப்பிடிக்க, வாங்கியவன் "நாளை வா" என்ற பதிலோடு ஒருநாள் கூலியை இழந்து திரும்புவது என்ன நியாயம்? மாஜிஸ்திரேட் முன் அவன் வாயும் திறக்கப்பட வேண்டும்.

விற்றவரையும் விடலாகாது. விற்க உரிமை உண்டு என்பது 14-ஆவது பிரிவின்படி விற்பனையில் அடங்கிய நிபந்தனை. ஏலத் தாளின் பொடி எழுத்து அதைத் தள்ளிவைக்க 62-ஆவது பிரிவு இடம் தருகிறது. நமக்குப் பிடிக்காத பிரிவு இது! பணத்தைக் கேட்டு வழக்குத் தொடுக்க ஆறு ஆண்டு தவணை உண்டு. வண்டியை இழந்தவர்கள் ஏலத் தாள், ரசீது, பதிவுப் புத்தகம் ஆகியவற்றோடு இந்த வாரமே கிளைச் செயலாளரைப் பார்க்கவும்.