சித்திரத் தொடரும் குணச்சித்திரமும்

சிறுவர்க்கென இயற்றிய சித்திரத் தொடரில் பெரியோர் கற்பதற்கு யாதுளது என வினவுவாருக்கு, 2005-ஆம் ஆண்டில் அமெரிக்காவின் நிக்கலோடியன் தொலைக்காட்சியில் வெளிவந்த ‘அவதார்: தி லாஸ்ட் ஏர்பெண்டர்’ தொடரின் முதற்பாகத்தை விடையாகக் காட்டுவோம்.

20 அத்தியாயங்கள் கொண்ட இப்பாகத்தில் நீர், நிலம், தீ, காற்று ஆகிய பூதங்களை ஏவல்கொள்ள வல்லார் பிறக்கும் நான்கு நாட்டினரைக் காண்கிறோம். ஏவும் முறைகள் சீன தேசத்துப் போர்க்கலைகளைத் தழுவியவை. நீரை ஏவுவோரின் அசைவு தாய்ச்சிக் கலையினது. ஆயினும், விதிகளை அடுக்குவதால் மட்டும் ஓருலகு உயிர்பெறாது. அவ்வுலகின் வரலாறு அதில் வாழ்வோர்மீது வடுவாய்ப் பதிதல் வேண்டும் என்பதே எம் கருத்து.

‘புயல்’ என்னும் 12-ஆம் அத்தியாயம் இதற்குச் சான்று. நான்கு பூதங்களையும் ஆளப் பிறந்த பாலகன் ஆங், தன்னை வளர்த்த ஆசானைப் பிரியும்படி நேருமென்று ஓடிப்போனவன். அவன் பனிக்கட்டியுள் நூறாண்டு கிடக்க, அவனினத்தாரைத் தீ நாட்டார் அழித்தொழித்தனர். அவனைத் துரத்தும் தீ நாட்டிளவரசன் ஜூகோவோ, புதிய போர்வீரரைப் பலியிடத் துணிந்த தளபதியை மறுத்துரைத்தமையால் தந்தை கையாலேயே முகங்கருகி நாடு கடத்தப்பட்டவன். பகைவனெனக் கண்டவன்பால் நமக்கு இரக்கம் பிறக்கின்றது. பத்துப் போர்க்களங்கள் காட்டவியலாத தீ நாட்டின் கொடுமையை அவ்விளைஞன் முகத்து வடு காட்டிவிடுகின்றது.

முன்னுள்ள அத்தியாயங்கள் வெறும் விளையாட்டு, அவற்றைத் தள்ளிவிடலாம் என்பாரும் உளர். அவ்விளையாட்டன்றோ ஆங் விட்டுக்கொடுக்க மனமில்லாத பிள்ளைப்பருவம்! அதனைக் காணாதார்க்குப் புயலின் துயரம் எங்ஙனம் விளங்கும்? ஆதலின், மாணவ நண்பர்காள், கதை புனையப் புகுங்கால் தேசப்படத்தை வரையுமுன் மனிதனொருவனின் வடுவை நாடுங்கள்.