கல்லூரி ஆசிரியர்களின் நியமனமும் நிலுவைச் சம்பளமும்: எங்கள் நிலைப்பாடு

ரப்பர் நின்ற நிலங்களில் செம்பனை ஓங்கிவிட்ட இந்தப் புக்கிட் ரோத்தான் வட்டாரத்தில், தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் அரிச்சுவடி தொடங்கி, பெற்றோர் பட்ட கஷ்டங்களுக்கு ஈடாகப் பட்டம் பெற்று, தனியார் கல்லூரிகளில் விரிவுரையாளர்களாக அமர்ந்த நம் பிள்ளைகள் சிலர், மாதக்கணக்கில் வேதனமின்றிப் பாடம் நடத்திவிட்டு, இறுதியில் நியாயம் கேட்டு வழக்காட நேர்வதைக் கண்டு எங்கள் சங்கம் ஆழ்ந்த வேதனை கொள்கிறது. ஆசிரியருக்குச் சம்பளம் கொடாத கல்லூரி மாணவரிடம் கட்டணம் வாங்கும் யோக்கியதையை இழந்துவிடுகிறது. அத்தகைய கல்லூரியைக் கண்டறிந்து தடுக்கும் பொறுப்பு உயர்கல்வி அமைச்சினுடையதேயன்றி, கைப்பொருள் இழந்து நிற்கும் தனியொரு ஆசிரியருடையது அன்று என்பதே எங்கள் நிலைப்பாடு.

சட்டம் இல்லாமல் இல்லை. சம்பளக் காலம் முடிந்த ஏழாம் நாளுக்குள் ஊதியம் கொடுக்கப்பட வேண்டுமென்று 1955-ஆம் ஆண்டு வேலைச் சட்டம் விதிக்கிறது. மாதம் 2,000 வெள்ளிக்கு மேல் பெறுவோர் முன்னர் பெரும்பாலும் அதற்குப் புறம்பாயிருந்தனர். 2023 ஜனவரி முதல் நாளிலிருந்து, சில பிரிவுகள் நீங்கலாக, சம்பள வரம்பின்றித் தீபகற்ப ஊழியர் அனைவரும் அதில் அடங்குவர். ஆயினும் தொழிலாளர் இலாகாவில் தீர்ப்புப் பெறுவது ஒன்று, பணம் கைக்கு வருவது வேறொன்று. நிறுவனம் கலைக்கப்பட்டால் 2016-ஆம் ஆண்டுக் கம்பெனிச் சட்டத்தின்படி முன்னுரிமை பெறும் ஊதியம், அதற்கு முந்திய நான்கு மாதத்துக்கு, ஆளொன்றுக்கு 15,000 வெள்ளி என்ற வரம்புக்கு உட்பட்டது. அடமானம் பிடித்த வங்கியோ தன் பிணைச் சொத்தைத் தனியே எடுத்துக்கொள்ளும்.

பினாங்கின் கெப்பாலா பத்தாஸில் இயங்கிய அலையன்ஸ் மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகக் கல்லூரி, 2013-இல் லண்டனில் ட்ரெண்ட் பார்க் வளாகத்தையே விலைக்கு வாங்கியது. மறு ஆண்டிலேயே இங்குள்ள ஊழியர்கள் சம்பள நிலுவைக்காகக் குரலெழுப்பும் நிலை நேர்ந்தது. கட்டடத்தின் பிரம்மாண்டம் கஜானாவின் நிலையைச் சொல்வதில்லை. அதைச் சொல்வது சேமநிதிக் கணக்கே. நெருக்கடியிலுள்ள கல்லூரியில், சம்பளச் சீட்டில் சேமநிதிக்கென்று பிடித்தம் காட்டியிருக்கும். ஊழியர் சேமநிதி வாரியத்தின் கணக்கிலோ அம்மாதத்துக்கு எதிரே ஒன்றுமிராது. அடுத்த மாதம் 15-ஆம் தேதிக்குள் செலுத்தப்பட வேண்டிய அத்தொகை செலுத்தப்படாததே வரப்போகும் ஆபத்தின் முதல் லட்சணம். வாரியம் அறிந்த அச்செய்தியை அமைச்சும் உடனுக்குடன் அறிய ஏற்பாடு செய்வது பெரிய காரியமன்று.

நியமனத்திலும் இதே அநீதிதான். ஆண்டுதோறும் அதே பாடம், அதே வகுப்பு, ஆனால் புதிய ஒப்பந்தம்; கேள்வி கேட்டவருக்கு மட்டும் அது புதுப்பிக்கப்படுவதில்லை. ஒப்பந்தத்தில் எழுதிய காலவரையறை மெய்யானதுதானா என்பதை, இரு தரப்பாரின் உத்தேசத்தையும் முதலாளியின் நடத்தையையும் வேலையின் தன்மையையும் நோக்கியே தீர்மானிக்க வேண்டுமென்று 2020-இல் ஏய்ம்ஸ் சைபர்ஜெயா வழக்கில் கூட்டரசு நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. அந்தத் தத்துவத்தை ஒவ்வோர் ஆசிரியரும் வழக்காடித்தான் அடைய வேண்டுமென்பது அதர்மம். தொடர்ந்து நடக்கும் பாடத்துக்கு நிரந்தர நியமனமே விதியாக வேண்டும்.

காலைப் பெரட்டில் பெயர் விழுந்தவனுக்குக் கூலி உண்டு என்பதை, எத்தனையோ கொடுமைகளுக்கிடையிலும், தோட்டத்துக் கிராணியால்கூட எளிதில் மறுக்க முடிந்ததில்லை. அந்த அளவு நிச்சயமேனும் அந்தத் தோட்டத் தொழிலாளரின் பேரப்பிள்ளைகளுக்கு வேண்டாமா? 1996-ஆம் ஆண்டுத் தனியார் உயர்கல்விச் சட்டத்தின்கீழ் பதிவு பெற்றிருக்கும் கல்லூரி, சம்பளமும் சேமநிதியும் பாக்கியின்றிச் செலுத்தியதற்கு அத்தாட்சி காட்டாதவரை, புதிய மாணவரைச் சேர்க்க அனுமதிக்கப்படலாகாது. மாணவர் படிப்புக் கெடுமே என்ற ஆட்சேபத்தை நாங்கள் அலட்சியம் செய்யவில்லை; சம்பளமின்றி ஆசிரியர் ஒவ்வொருவராக விலகும்போதுதான் படிப்பு உண்மையில் கெடுகிறது.

வேலைநீக்கத்தை எதிர்த்து முறையிட 1967-ஆம் ஆண்டுத் தொழிலுறவுச் சட்டம் தருவது அறுபதே நாள். நிர்வாகத்தின் சமாதான வார்த்தைகளை நம்பி அத்தவணையைத் தவறவிட்டுவிடாமல், நியமனக் கடிதம், சம்பளச் சீட்டு, சேமநிதிக் கணக்கு ஆகியவற்றுடன் இவ்வட்டார ஆசிரியர்கள் எங்களிடம் வரலாம்; மனு எழுதவும் உரிய இலாகாவுக்கு உடன் வரவும் சங்கம் சித்தமாயிருக்கிறது.