காலத்தின் தலையில் ஏற்றப்படும் பழி

பஸ்டர் கீட்டனும் எட்வர்ட் கிளைனும் இயக்கி 1922இல் வெளிவந்த ‘தி பேல்ஃபேஸ்’ இரண்டே ரீல் நீளமுள்ள மௌன நகைச்சுவைப் படம். அதில் அமெரிக்கப் பழங்குடியினர் காட்டப்படும் விதத்தைக் கேள்விக்குட்படுத்தினால், திரை ஆர்வலர்களிடமிருந்து ஆயத்தமாக வரும் விடை ஒன்றுண்டு: ‘அந்தக் காலம் அப்படி.’ இது வரலாறு அறியாதோரின் விடை.

முதலில், படத்தின் கதையே அதை மறுக்கிறது. எண்ணெய் முதலாளிகள் பழங்குடியினரின் நிலப் பத்திரத்தைப் பறித்துக்கொண்டு அவர்களை வெளியேறச் சொல்கின்றனர். சினங்கொண்ட தலைவன், வாயிலைக் கடந்து வரும் முதல் வெள்ளையனைக் கொல்ல ஆணையிடுகிறான். வண்ணத்துப்பூச்சியைத் துரத்திக்கொண்டு கீட்டன் உள்ளே நுழைகிறார். நிலக்களவு அநீதி என்பதை இப்படம் அறியும்; அறிந்தே அதன்மேல் நகைச்சுவையைக் கட்டியெழுப்புகிறது.

அக்களவு கற்பனையுமன்று. ஓக்லஹோமாவில் ஓசேஜ் மக்கள் எண்ணெய்ச் செல்வத்துக்காகக் கொல்லப்பட்ட காலம் அது. அவர்களுள் பலர் தம் பணத்தைத் தாமே கையாள இயலாதவாறு காப்பாளர்களைத் திணித்த சட்டத்தை அமெரிக்க நாடாளுமன்றம் 1921இல் இயற்றியது.

எதிர்க்குரல் இல்லாத காலமுமன்று. திரைப்படங்கள் தம்மை இழிவுபடுத்துவதாகப் பழங்குடிப் பிரதிநிதிகள் 1911இலேயே வாஷிங்டன் சென்று முறையிட்டனர். அதற்கும் முன்பே, 1910இல், பழங்குடி மரபினரான ஜேம்ஸ் யங் டியர் ‘ஒயிட் ஃபான்ஸ் டிவோஷன்’ என்னும் படத்தை இயக்கியிருந்தார். ஹோ-சங்க் குலத்தவரான லிலியன் செயின்ட் சிர், ‘ரெட் விங்’ என்ற பெயரில் திரையில் புகழ்பெற்றிருந்தார். இத்தனைக்குப் பிறகும் ‘தி பேல்ஃபேஸ்’ படத்தின் குலத்தலைவன் வேடம் ஜோ ராபர்ட்ஸ் என்னும் வெள்ளை நடிகருக்கே போயிற்று. அது காலத்தின் கட்டாயமன்று, மனிதர் செய்த தேர்வு.

முடிவையும் நோக்குக. கல்நார் உடையால் தீயில் வேகாமல் தப்பியவனை அம்மக்கள் வணங்குகின்றனர். பறிபோன நிலத்தை மீட்டுத் தருபவனும் அவனே. பரிசாக ஒரு பெண்ணையும் பெறுகிறான். நிலத்தைப் பறித்தவனும் வெள்ளையன், மீட்டவனும் வெள்ளையன். நிலத்துக்கு உரியவர்களுக்கு வியந்து நிற்பதொன்றே வேலை.

படத்தைப் பூட்டிவைக்க வேண்டியதில்லை. கல்நார்க் காட்சியின் கூர்மை இன்றும் மங்கவில்லை. கீட்டனின் உடல்மொழிக்கு நிகராக வைக்க அதிகம் பேரில்லை. ஆனால் திரைப்படச் சங்கங்களிலும் வகுப்பறைகளிலும் இதைத் திரையிடுவோர், யங் டியரின் பெயரையும் ஓசேஜ் கொலைகளையும் உடன் சொல்லக் கடமைப்பட்டவர்கள். அவற்றை மறைத்துவிட்டு ‘அந்தக் காலம்’ என்று பேசுவோர், அந்தக் காலத்தில் எதிர்த்து நின்றவர்களை இரண்டாம் முறை வாயடைக்கின்றனர்.