பிரேக் பிடிக்கலையாம்!

ஜி.எஸ்.டி. ரோட்டில் ஒரு லாரி எதன் மீதாவது மோதினால், மறுநாள் பேப்பரில் அந்த வரி வந்துவிடும்: 'திடீரென பிரேக் பிடிக்காததால்...' நீங்களும் 'ஐயோ பாவம்' என்று சொல்லிவிட்டு அடுத்த பக்கம் புரட்டுவீர்கள். இடி விழுந்த மாதிரி இதுவும் கடவுள் செயல் என்று பழகிவிட்டோம்.

கடவுளை விடுங்கள். இதில் தண்ணீருக்கும் சம்பந்தம் இருக்கலாம்.

டிரெய்லரை நிறுத்துவது காற்று. இன்ஜினோடு ஓடும் கம்ப்ரஸர் வெளிக்காற்றை இழுத்து, அழுத்தி, டேங்க்கில் அடைக்கிறது. கூடவே ஈரமும் போகிறது. சூடு ஆறியதும் அது தண்ணீராகி அடியில் தங்குகிறது. கனடாவில் டிரெய்லர் ஓட்டும் நம்மவர்களைக் கேளுங்கள், கதை கதையாகச் சொல்வார்கள். குளிர்காலத்தில் இந்தத் தண்ணீர் குழாயிலும் வால்விலும் ஐஸாகி அடைத்துக்கொள்ளும். போட்ட பிரேக் விடாது, அல்லது பிடிக்கவே பிடிக்காது. அவசரத்துக்கு வெந்நீர் ஊற்றினால் கொஞ்ச நேரத்தில் அதுவும் உறையும். அதனால் குளிர் வருமுன்பே டேங்க்கைக் காலி செய்து, ஈரம் உறிஞ்சும் ஏர் டிரையரின் கேட்ரிட்ஜை மாற்றிவிடுகிறார்கள்.

தாம்பரத்தில் ஐஸ் ஏது? மார்கழியில் நாம் மஃப்ளர் சுற்றுவதெல்லாம் சும்மா ஜோடனை. ஆனால் ஐப்பசி, கார்த்திகையில் இங்கே காற்றைப் பிழிந்தால் தண்ணி சொட்டும். கனடாக் குளிர்காற்றைவிட நம் காற்றில் ஈரம் பல மடங்கு. அது உறைவதில்லை என்பதால் யாரும் கவலைப்படுவதில்லை. கம்ப்ரஸர் ஆயிலோடு கலந்து குழம்பாகி, டேங்க்கைத் துருப்பிடிக்க வைத்து, வால்வைச் சிக்கவைக்கிறது. தண்ணீர் நிற்கிற அளவுக்குக் காற்றுக்கு இடமும் குறைகிறது. பெருங்களத்தூர் நெரிசலில் அடிக்கடி மிதிக்கும்போதுதான் அது தெரியும்.

வைத்தியம் ரொம்பச் சின்னது. டேங்க்குக்கு அடியில் ஒரு வால்வு. தினம் இழுத்துவிட்டால் 'புஸ்'ஸென்று தண்ணீர் வெளியேறும். இரண்டு நிமிஷ வேலை. முன்பெல்லாம் கிளீனர் பையன் காலையில் முதலில் செய்வது அதைத்தான். இப்போது பல வண்டிகளில் கிளீனரே கிடையாது. இரும்புலியூர் டீக்கடையில் ஒரு டிரைவர் சொன்னார்: "பேட்டா மிச்சம்னு முதலாளி என்னைத் தனியா அனுப்புறாரு சார். ஓரகடத்துல லோடு ஏத்திட்டு விடியறதுக்குள்ள ஹார்பர் போகணும். வண்டிக்கு அடியில படுக்க எங்க நேரம்?" புது வண்டிகளில் டிரையர் இருக்கிறதே என்றேன். சிரித்தார். கேட்ரிட்ஜ் மாற்றாத டிரையர், திருஷ்டிக்குக் கட்டின எலுமிச்சம்பழம் மாதிரிதான்.

இத்தனைக்கும் ஏர் பிரேக் நமக்குப் புதுசில்லை. 1962-ல் தொடங்கிய சுந்தரம் கிளேட்டன், பாடியில் ஏர் பிரேக் தயாரித்த ஊர் இது. பிரேக் செய்யத் தெரிந்த ஊருக்குப் பராமரிக்க மனசில்லை.

எட்டு வருஷம் தாண்டிய லாரிக்கு வருஷா வருஷம் எஃப்.சி. உண்டு. அதற்கு முதல் நாள் பெயின்ட் அடிக்கக் காட்டும் அக்கறையில் பாதியை டேங்க்குக்குக் காட்டலாம்.

விபத்து நடந்தால் கைதாவது யார்? டிரைவர். உயிர் போயிருந்தால் பாரதிய நியாய சன்ஹிதா 106-வது பிரிவு, ஐந்து வருஷம் வரை சிறை. முதலாளி சாட்சிபோல வந்து போவார். ஆனால், மோட்டார் வாகனச் சட்டத்தின் 190-வது பிரிவைப் படித்துப் பாருங்கள். குறையுள்ள வண்டியை ஓட்டுகிறவர் மட்டுமல்ல, ஓட்டச் செய்கிறவரும், ஓட்ட அனுமதிக்கிறவரும் குற்றவாளிதான். 'எனக்குத் தெரியாது' என்று தப்பிக்க முடியாது. சாதாரணக் கவனத்தோடு பார்த்திருந்தாலே தெரிந்திருக்கும் என்றால் போதும். அந்தக் குறையால் யாருக்காவது காயம் பட்டால் 2019 திருத்தப்படி முதல் தடவைக்கு மூன்று மாதம் வரை சிறை அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம். தண்டனை சோளப்பொரிதான். அதையாவது முதலாளி மேல் போடக் கூடாதா?

விபத்துக்குப் பின் வண்டியைச் சோதிக்கும் ஆய்வாளர் அந்த வால்வை இழுத்து, எத்தனை தண்ணீர் வந்தது என்று அறிக்கையில் எழுதட்டும். கேட்ரிட்ஜ் கடைசியாக மாற்றிய பில்லையும் கேட்கட்டும். அது டிரைவர் சட்டைப் பையில் இருக்காது.