பணயமும் தகப்பனும்

2025 ஜூலையில் இரண்டாமாண்டு மாணவர்களுக்குப் பாஞ்சாலி சபதத்தின் சூதாட்டச் சருக்கத்தை நடத்திக்கொண்டிருந்தேன். சகுனி அழைக்க, தருமன் தயங்கி, பின் இசைந்து காய்களின்முன் அமரும் இடம். வழக்கமாக எதுவும் கேட்காமல் கடைசி வரிசையில் அமர்ந்திருக்கும் மாணவர் ஒருவர் எழுந்து, "ஐயா, தருமன் நம்ம கி-ஹூன் மாதிரிதானே?" என்றார். வகுப்பு சிரித்தது. எனக்குக் கி-ஹூன் யாரென்றே தெரியவில்லை. ஏதோ சீனத்துப் புராணப் பாத்திரம்போலும் என்று நினைத்து, அடுத்த வகுப்பில் பேசலாம் என்று சமாளித்துவிட்டேன்.

அன்றிரவு என் மகளிடம் கேட்டபோது அவளும் சிரித்தாள். அடுத்த இரண்டு வாரங்கள் அவளோடு அமர்ந்து 'ஸ்க்விட் கேம்' என்னும் கொரியத் தொடரின் மூன்று பருவங்களையும் பார்த்து முடித்தேன். கொரியக் குழந்தைகளும் தந்தையை 'அப்பா' என்றுதான் அழைக்கிறார்கள் என்பதையே அப்போதுதான் அறிந்தேன். துணையெழுத்து தேவைப்படாத அந்த ஒரு சொல்தான் என்னை இத்தொடரோடு பிணைத்தது. முடிவைப் பற்றியும் பேசப்போகிறேன். இனிமேல்தான் பார்க்கவிருப்பவர்கள் பார்த்துவிட்டு வந்து படிக்கலாம்.

அறியாதவர்களுக்காகச் சுருக்கமாகக் கதை. ஹுவாங் டோங்-ஹியுக் எழுதி இயக்கிய இத்தொடரின் முதற்பருவம் 2021 செப்டம்பரில் நெட்ஃபிளிக்ஸில் வெளியானது; இரண்டாவது 2024 டிசம்பரில், மூன்றாவது 2025 ஜூனில். கடனில் மூழ்கிய 456 பேரை ஒரு தீவுக்குக் கொண்டுசென்று சிறுவர் விளையாட்டுகளை ஆடவைக்கிறார்கள். தோற்றால் சாவு. எஞ்சி நிற்பவருக்கு 4,560 கோடி வொன் பரிசு. செல்வந்தர் சிலர் இதைக் கண்டு களிக்கிறார்கள். 456ஆம் எண்ணுக்குரியவன் சோங் கி-ஹூன். மணமுறிவு பெற்றவன், வயதான தாயோடு வாழ்பவன், பத்து வயது மகளுக்குத் தந்தை.

'மகளுக்காகவும் தாய்க்காகவும் சாவோடு விளையாடிய ஏழைத் தகப்பன்' என்றே பெரும்பாலோர் அவனைப் பற்றிப் பேசுகிறார்கள். என் மாணவர்களும் அப்படித்தான் சொன்னார்கள். இந்த வாசிப்பு போதாது என்பதே என் கருத்து.

முதல் பகுதியை நினைத்துப் பாருங்கள். அன்று மகளுக்குப் பிறந்தநாள். கி-ஹூன் தாயின் வங்கி அட்டையைத் திருடிப் பணமெடுத்துக் குதிரைப் பந்தயத்துக்குப் போகிறான். 45 லட்சத்து 60 ஆயிரம் வொன் வெல்கிறான். மகிழ்ச்சியில் சீட்டு முகப்புப் பெண்ணுக்கு அன்பளிப்பு கொடுக்கிறான். சற்று நேரத்தில் அத்தனை பணமும் களவுபோகிறது. கடன்காரர்கள் பிடித்துக்கொண்டு, உடலுறுப்புகளை எழுதிக் கொடுக்கும் பத்திரத்தில் அவன் இரத்தத்தையே மையாக்கிக் கைநாட்டு வாங்குகிறார்கள். பிறகு அதே பெண்ணிடம் போய், கொடுத்த அன்பளிப்பைத் திருப்பிக் கேட்கிறான். கடைசியில் பொம்மை எடுக்கும் எந்திரத்திலிருந்து ஒரு பெட்டியை எடுத்து மகளுக்குப் பரிசாகத் தருகிறான். பிரித்தால், துப்பாக்கி வடிவில் ஒரு சிகரெட் பற்றவைப்பான். அடுத்த ஆண்டு நல்ல பரிசு தருவதாகச் சொல்கிறான். அடுத்த ஆண்டு தான் அமெரிக்காவில் இருக்கப்போவது அந்தக் குழந்தைக்குத் தெரியும், அவனுக்குத் தெரியாது. சொல்லாமல் இருந்துவிடுகிறாள்.

இந்தக் காட்சியில் பெரியவர் அக்குழந்தைதான். தந்தை மகளை நேசிக்கிறான், அதில் ஐயமில்லை. ஆனால் அந்த நேசத்தின் பெயரில் அவன் செலவழிப்பது எப்போதும் பிறர் பொருளையே. தாயின் சேமிப்பையும் அவளுடைய மருத்துவக் காப்பீட்டையும் கரைத்தவன் அவன்தான். நீரிழிவால் அவளுடைய கால் அழுகும்போது மருத்துவத்துக்குப் பணமில்லை.

உடனே எதிர்க்கேள்வி எழும்: அவன் அப்படி ஆனதற்கு யார் காரணம்? நியாயமான கேள்வி. கி-ஹூன் ஒரு மோட்டார் ஆலைத் தொழிலாளியாக இருந்தவன். ஆட்குறைப்பும் வேலைநிறுத்தமும் வந்தன. தோழன் ஒருவன் கண்முன்னே அடிபட்டுச் செத்தான். மகள் பிறந்தபோது மனைவியருகே இருக்க முடியாமற்போனதும் அதனால்தான். இந்தக் கற்பனைக்குப் பின்னே 2009இல் கொரியாவின் பியோங்டேக் நகரில் சாங்யோங் மோட்டார் ஆலையில் 77 நாள் நடந்த உண்மையான போராட்டம் இருக்கிறது. காவல்துறை புகுந்து அதை முறியடித்தது. பின்வந்த ஆண்டுகளில் வேலையிழந்தவர்களிலும் அவர்கள் குடும்பத்தாரிலும் பலர் தற்கொலை செய்துகொண்டனர்.

புதுச்சேரிக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. 1936 ஜூலை 30 அன்று சவானா மில் தொழிலாளர்கள்மீது பிரெஞ்சுக் காவலர்கள் சுட்டதில் 12 பேர் மாண்ட ஊர் இது. எட்டு மணிநேர வேலைச் சட்டத்தை அடுத்த ஆண்டே பெற்ற ஊரும் இதுதான். ரோடியர் மில் என்று நம்மவர்கள் அழைத்த ஏ.எஃப்.டி. ஆலையின் சங்கொலி கேட்டுப் பொழுதறிந்த தலைமுறை இன்னும் இருக்கிறது. உற்பத்தி நின்று, பாதிச் சம்பளத்தில் ஆண்டுகள் கழிந்து, 2020இல் அது மூடப்பட்டது. ஆலை மூடினால் ஊதியம் மட்டுமா போகிறது? பிள்ளைகளின்முன் நிமிர்ந்து நிற்கும் தகப்பனின் முதுகும் வளைந்துவிடுகிறது. ஆகவே கி-ஹூனைச் சோம்பேறி என்றோ ஊதாரி என்றோ தள்ளிவிட என்னால் இயலாது.

ஆயினும் தொடர் ஒரு முக்கியமான காட்சியை வைத்திருக்கிறது. முதல் ஆட்டத்தில் பாதிக்கு மேற்பட்டோர் செத்தபின், எஞ்சிய 201 பேரும் வாக்களித்து ஆட்டத்தை நிறுத்துகிறார்கள். ஒரே ஒரு வாக்கு வேறுபாடு. வீடு திரும்புகிறார்கள். சில நாளில் அவர்களில் 187 பேர் தாமாகவே திரும்பி வருகிறார்கள். முதல்முறை அவர்கள் ஏமாற்றப்பட்டவர்கள். இரண்டாம் முறை தெரிந்தே வருகிறவர்கள்.

தருமனும் தெரிந்தே வந்தவன்தான். அழைப்பில் வஞ்சம் இருப்பதை அறிவான். தூது வந்த விதுரனே உண்மையைச் சொல்லிவிடுகிறான். தம்பியர் தடுக்கிறார்கள். பெரியதந்தையின் ஆணை, விதி என்று காரணங்கள் சொல்லிப் புறப்படுகிறான். என் மாணவரின் கேள்வி எவ்வளவு சரியானது என்பது இந்த இடத்தில்தான் எனக்கு உறைத்தது.

பாரதி இந்தக் காவியத்தை எழுதியது புதுச்சேரியில். முதற்பாகம் 1912இல் வெளிவந்தது; இரண்டாம் பாகம் அவர் மறைவுக்குப் பிறகே அச்சேறியது. எழுதியவரும் இரண்டு பெண்பிள்ளைகளை வைத்துக்கொண்டு வறுமையோடு மல்லுக்கட்டிய தகப்பன்தான். இன்று அருங்காட்சியகமாக இருக்கும் அவர் வாழ்ந்த வீடு ஈசுவரன் தருமராஜா கோயில் தெருவில் இருக்கிறது. சூதாடித் தோற்றவன் பெயரில் கோயிலும் தெருவும் வைத்திருக்கும் மக்கள் நாம். திரௌபதியம்மன் திருவிழாக்களில் சூது துகிலுரிதல் கூத்தை விடியவிடியப் பார்க்கும் மண் இது. தருமனைத் தெய்வமாக வணங்குகிறோம், ஆனால் அந்த இரவில் அவன் செய்ததை மன்னித்ததில்லை. பாரதியும் கதையை நிறுத்தி, நாட்டைப் பணயம் வைத்த தருமனைக் கடுமையாகச் சாடுகிறார். அண்ணன் கையை எரிக்க நெருப்புக் கொண்டுவரச் சொல்லும் வீமனின் சினமும் அதே காவியத்தில்தான் இருக்கிறது.

ஆனால் பாஞ்சாலி சபதத்தில் தகப்பன் பாத்திரம் தருமன் மட்டுமன்று. திருதராட்டிரன் இருக்கிறான். சூது தீது என்று அவனுக்குத் தெரியும். முதலில் மகனைக் கண்டிக்கவும் செய்கிறான். பின்னர் மகன் முகம் வாடுவதைப் பொறாமல் இணங்கி, அழைப்பை அனுப்புகிறான். ஆட்டத்தைத் தொடங்கிவைப்பதே 'என் பிள்ளைக்காக' என்ற சொல்தான். மண்டபம் கட்டுகிறவனிடமும் அந்தச் சொல் இருக்கிறது, மண்டபத்துக்குள் நுழைகிறவனிடமும் இருக்கிறது.

நம் மரபில் பிள்ளைகளைப் பணயம் வைத்த தந்தையர் குறைவில்லை. கன்றுக்கு ஈடாக மகனைத் தேர்க்காலில் இட்டான் மனுநீதிச் சோழன். அடியவருக்கு விருந்தாக மகனை அரிந்து கறி சமைத்தார் சிறுத்தொண்டர். வாய்மை காக்க மனைவியையும் மகனையும் விற்றான் அரிச்சந்திரன். ஒருவர் நீதிக்காக, ஒருவர் பக்திக்காக, ஒருவர் சத்தியத்துக்காக. மூவர் புகழுக்கும் விலையாக வைக்கப்பட்டது பிள்ளையின் உயிர் அல்லது வாழ்வு. அப்பிள்ளைகளிடம் யாரும் கேட்கவில்லை. மூன்று கதைகளிலும் இறுதியில் தெய்வம் தோன்றிப் பிள்ளையை மீட்டுக் கொடுத்துவிடுகிறது. இக்கதைகளைத் தாலாட்டுபோலக் கேட்டு நாம் உறங்க முடிவது அதனால்தான். பாஞ்சாலிக்கும் கண்ணன் அருளால் ஆடை வளர்ந்தது.

அந்தத் தீவுக்குத் தெய்வம் வருவதில்லை. பாகிஸ்தானிலிருந்து பிழைக்க வந்த அலியை நினைத்துக்கொள்ளுங்கள். மாதக்கணக்கில் சம்பளம் தராத முதலாளி, விரல்களை இழந்த கை, மனைவி, கைக்குழந்தை. கிடைத்த பணத்தோடு அவர்களை ஊருக்கு அனுப்பிவிட்டு இவன் மட்டும் ஆட்டத்துக்குத் திரும்புகிறான். நம்பிய நண்பனிடமே கோலிக்குண்டுகளோடு உயிரையும் இழக்கிறான். மண்ணைவிட்டுப் பிழைக்கப் போன எத்தனையோ தமிழ்த் தகப்பன்களின் சாயல் அவனிடம் உண்டு.

மூன்றாம் பருவத்தில் ஆட்டக்களத்திலேயே ஒரு பெண் குழந்தை பிறக்கிறது. தாய் இறந்துவிட, அந்தப் பச்சைச் சிசுவையே போட்டியாளராகச் சேர்த்துவிடுகிறார்கள். பெற்ற தந்தை மியோங்-கி என்பவனும் களத்தில் இருக்கிறான். தான் பிழைப்பதற்குத் தன் குழந்தையையே பலியிடத் துணிகிறவன் அவன். இறுதிச் சுற்றில் அவன் விழுந்து சாகிறான். எஞ்சியவர்கள் கி-ஹூனும் சிசுவும். சுற்றைத் தொடங்கும் பொத்தானை யாரும் அழுத்தியிருக்கவில்லை. ஆகவே இன்னும் ஓர் உயிர் விழுந்தாக வேண்டும். கி-ஹூன் குழந்தையைக் கீழே கிடத்திவிட்டுத் தான் விழுகிறான்.

இதைப் பலர் ஏற்கவில்லை. என் மகளும் ஏற்கவில்லை. "சொந்தப் பொண்ணு அமெரிக்காவுல காத்துக்கிட்டிருக்கா. யாரோ ஒரு குழந்தைக்காகச் சாகறது என்னப்பா நியாயம்?" என்றாள். நியாயமில்லைதான். முதற்பருவ முடிவில் மகளைப் பார்க்க விமானம் ஏறப் போனவன் திரும்பிவிடுகிறான். கடைசியில் அவளுக்குக் கிடைப்பது இரத்தக்கறை படிந்த ஓர் ஆட்டச் சட்டையும் ஒரு வங்கி அட்டையுமே. அந்த மகளின் கணக்கில் கி-ஹூன் தோற்ற தகப்பன். தொடரும் அவனை விடுவிக்கவில்லை என்றே நினைக்கிறேன்.

ஆனால் ஒன்று மாறியிருக்கிறது. முதற்பகுதியில் தாயின் அட்டையைத் திருடியவன் கடைசியில் பிறர் எவரையும் பணயம் வைக்கவில்லை. பாஞ்சாலி சபையில் கேட்டது என்ன? தன்னை இழந்தவனுக்கு என்னைப் பணயம் வைக்க என்ன உரிமை என்பதுதானே? வீடுமன் முதலான பெரியவர்களால் நேராக விடை சொல்ல முடியாத அந்தக் கேள்விக்கு, எனக்குத் தெரிந்து, ஒரு மனிதன் செயலால் சொன்ன விடை இது. தகப்பன் பணயம் வைக்கலாமெனில் தன்னை வைக்கலாம், அதற்குமேல் அவனுக்கு உரிமையில்லை. அப்படித் தன்னை வைத்தாலும் பிள்ளைக்கு இழப்பே என்பதையும் அந்த வங்கி அட்டை சொல்லிவிடுகிறது.

இதையெல்லாம் எழுதத் தூண்டியது தொடர் மட்டுமன்று. அந்தக் கேள்வியைக் கேட்ட மாணவர் சில வாரங்களில் வகுப்புக்கு வருவது நின்றது. கட்டணம் கட்டவில்லை என்றார்கள். அவருடைய தந்தை என்னைப் பார்க்க வந்தார். மூடப்பட்ட ஆலை ஒன்றின் முன்னாள் தொழிலாளி, இப்போது இரவுக் காவலாளி. கட்டணத்துக்கு வைத்திருந்த பணம் கைப்பேசியில் ரம்மி ஆடிப் போய்விட்டது. "மேல்படிப்புக்குச் சேத்து வைக்கலாம்னுதான் சார் ஆரம்பிச்சேன். எல்லாம் புள்ளைக்காகத்தான்" என்றார். பொய் சொல்லவில்லை அவர். அதுதான் வேதனை.

பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகளைத் தடைசெய்து 2025 ஆகஸ்டில் ஒன்றிய அரசு சட்டம் இயற்றியது. தமிழக அரசு 2022இலேயே சட்டம் கொண்டுவந்தது. ரம்மி திறமை சார்ந்த ஆட்டம் என்று சொல்லி 2023இல் உயர்நீதிமன்றம் அதன் ஒரு பகுதியை நீக்கியது. சகுனியும் திறமைசாலிதான் என்பது நினைவுக்கு வந்தது. சட்டம் வேண்டியதே, அது மண்டபத்தை இடிக்கும். 'பிள்ளைக்காக' என்ற சொல்லைச் சட்டத்தால் தொட முடியாது.

மாணவரின் கட்டணத்தை நண்பர்கள் சேர்ந்து கட்டினோம். அவர் வகுப்புக்குத் திரும்பிவிட்டார். தருமனைப் பற்றி அன்று ஏன் கேட்டார் என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. பல ஆண்டுகளாகப் பருவத் தேர்வில் 'பாஞ்சாலி பாரத மாதாவே, நிறுவுக' என்றே வினா வைத்து வந்திருக்கிறேன். அந்தப் பருவத்தில் அதை நீக்கிவிட்டு, 'பாஞ்சாலி எழுப்பும் உரிமை வினாவை இன்றைய குடும்பச் சூழலோடு பொருத்தி ஆராய்க' என்று வைத்தேன். பதினைந்து மதிப்பெண்.